மதுரையை வரைந்தவர்கள் – 9: முருகனாக நின்ற ஓவியர்

1967இல் ‘கந்தன் கருணை’ வெளியானபோது மதுரைக்காரர்கள் அந்த முகத்தை முருகனாகத்தான் மனத்தில் ஏற்றிக்கொண்டார்கள். கையில் வேல், பின்னால் மயில், உதட்டில் அளந்து வைத்த புன்னகை. அதற்குச் சில ஆண்டுகள் முன்னால் அதே இளைஞர் பழனிச்சாமி என்ற சொந்தப் பெயரோடு இந்த ஊருக்கு வந்து, மீனாட்சியம்மன் கோயிலை நீர்வண்ணத்தில் தீட்டிக்கொண்டு போயிருந்தார். அப்போது அவரை யாரும் திரும்பிப் பார்த்திருக்க மாட்டார்கள். கோயிலைச் சுற்றிலும் ஏதாவது ஒரு வேலையாக உட்கார்ந்திருக்கும் நூறு பேரில் அவரும் ஒருவர்.

இந்தத் தொடரில் இதுவரை வந்தவர்களுக்கெல்லாம் காசு தர ஓர் இடம் இருந்தது. 1792இல் மதுரைக்கு வந்த தாமஸ் டேனியலும் அவருடைய சகோதரர் மகன் வில்லியமும் இங்கிலாந்தில் அச்சுப்படங்களாக விற்கும் எண்ணத்தோடு வரைந்தார்கள். 1858இல் பெருங்கேமராவோடு வந்த லின்னேயஸ் டிரைப் சென்னை அரசாங்கத்தின் புகைப்படக்காரர். சில்பிக்கு ஆனந்த விகடன் இருந்தது. இந்த அத்தியாயத்தின் நாயகருக்கு அப்படி ஒருவரும் இல்லை. அவர் கல்லூரி மாணவர். வரைந்த படத்தைச் சுருட்டிக்கொண்டு சென்னை அறைக்குத் திரும்புவதோடு வேலை முடிந்தது. பின்னால் அவர் புகழ்பெற்ற நடிகர் சிவகுமார் ஆகிவிட்டதால்தான் அந்தப் படங்களைப் பற்றிப் பேசுகிறோம். படங்களைப் பற்றிச் சரியாகப் பேசாமல் போனதற்கும் அதே புகழ்தான் காரணம் என்பது என் எண்ணம்.

1941 அக்டோபர் 27இல் பிறந்தார். ஊர், கோவை மாவட்டம் சூலூரை அடுத்த காசிகவுண்டன்புதூர். தந்தை ராக்கியக் கவுண்டர், பிள்ளைக்கு ஒரு வயது நிறைவதற்குள் இறந்துவிட்டார். முகம் நினைவில் தங்காத தந்தை. தாய் பழனியம்மாள் காட்டுவேலை செய்து பிள்ளைகளைக் காப்பாற்றினார். வானம் பார்த்த பூமி. படிப்பே பெரிய செலவாக இருந்த வீட்டில் படம் போடுவது என்ன கணக்கில் சேரும்? ஆனாலும் பையனின் கை ஓயவில்லை. சூலூரில் பள்ளியிறுதி முடித்து, 1958இல் சென்னைக்கு வந்து சேர்ந்தார். ‘இது ராஜபாட்டை அல்ல’ என்ற தன் நூலில் இந்தக் காலத்தையெல்லாம் அவரே விரிவாக எழுதியிருப்பதால் நான் அதற்குள் நிறைய நேரம் நிற்கப்போவதில்லை. வேண்டியவர்கள் அதைப் படிக்கலாம்; தன் வறுமையைப் பற்றி எழுதும்போதும் கணக்குப் புத்தகம் எழுதுகிற நிதானத்தோடு எழுதுகிறவர் அவர்.

சென்னையில் முதலில் போய் ஒட்டிக்கொண்ட இடம் மோகன் ஆர்ட்ஸ். சினிமா பேனர், கட்-அவுட் உலகத்தில் அன்று பெரிய பெயர். சிவாஜி கணேசனின் ஆளுயரத்தைப் பத்து மடங்கு தாண்டும் கட்-அவுட்டுகள் அங்கிருந்துதான் கிளம்பின. பேனர் வேலையில் மந்திரம் ஒன்றும் கிடையாது. கையில் ஒரு ஸ்டில். அதன்மேல் சதுரம் சதுரமாகக் கட்டம் இழுப்பார்கள். எதிரே விறைப்பாகக் கட்டிய துணியில் அதே கட்டங்கள், பெரிதாக. ஸ்டில்லில் மூன்றாவது கட்டத்தில் மூக்கு நுனி எங்கே முடிகிறதோ, துணியிலும் மூன்றாவது கட்டத்தில் அங்கேயே முடிய வேண்டும். கிட்டத்தில் நின்று வரைகிறவனுக்குக் கன்னம் எது, கழுத்து எது என்றே தெரியாது. தெருவின் அந்தப்பக்கம் போய் நின்று பார்த்தால்தான் முகம் முகமாகும். ஒரு கட்டத்தில் விரற்கடை பிசகினால் நாயகனுக்குக் கோணவாய் விழும், தியேட்டர்க்காரர் பேனரைத் திருப்பி அனுப்புவார். அளவு தப்பக் கூடாது என்ற பாடத்தைப் பதினேழு வயதில் இதைவிடக் கண்டிப்பான பள்ளி எதுவும் சொல்லித் தந்திருக்காது.

மதுரையிலும் இந்தத் தொழில் அப்போது கொழித்தது. தங்கம் தியேட்டர் 1952இல் ‘பராசக்தி’யோடு திறந்ததிலிருந்து, இந்த ஊரின் பேனர் எழுதுகிறவர்களுக்கு ஓய்வில்லை. ஃப்ளெக்ஸ் வந்து அவர்கள் தூரிகையைப் பிடுங்கிய கதையை வேறோர் அத்தியாயத்தில் சொல்ல வேண்டியிருக்கிறது.

பேனரிலேயே அவர் நின்றிருக்கலாம். பலர் நின்றார்கள். அவர் 1959இல் எழும்பூர் ஓவியக் கல்லூரியில் சேர்ந்து, புதுப்பேட்டையில் ஒரு சிறிய அறையில் தங்கி, 1965 வரை படித்தார். இன்றைய அரசு கவின்கலைக் கல்லூரிதான் அது. 1850இல் அலெக்சாண்டர் ஹன்டர் என்ற மருத்துவர் தொடங்கிய பழைய கைத்தொழில் பள்ளி. அவர் சேர்ந்த நேரம் அந்தக் கல்லூரியின் வரலாற்றில் ஒரு திருப்பமான நேரம். மெரினாவில் உழைப்பாளர் சிலையைச் செய்த தேவி பிரசாத் ராய் சௌத்ரி, 1930 முதல் 1957 வரை முதல்வராக இருந்து ஓய்வுபெற்றிருந்தார். அவர் காலத்தில் உடற்கூறு, ஒளி, நிழல், எதிரே இருப்பதை இருப்பதுபோலப் பிடிக்கும் கை ஆகியவைதான் முதல் தகுதி. அவருக்குப் பின் வந்த கே.சி.எஸ். பணிக்கர் வேறு கேள்விகளைக் கேட்டார். ஐரோப்பா கற்றுத்தந்த எண்ணெய் வண்ண யதார்த்தத்தையே நாமும் எத்தனை காலம் செய்துகொண்டிருப்பது? நம் கோடு எங்கே? நம் சிற்பம், ஜாதகக் கட்டம், கோலம் இவற்றிலிருந்து ஒரு நவீன ஓவியம் பிறக்காதா? சிற்பி தனபால் அங்கே ஆசிரியர். கீரனூரிலிருந்து வந்த ஆதிமூலம் அதே ஆண்டுகளில் மாணவர். 1966இல் பணிக்கரும் அவரைச் சுற்றியிருந்தவர்களும் சோழமண்டலம் கலைஞர் கிராமத்தை நிறுவினார்கள். கலை வரலாற்றில் மெட்ராஸ் இயக்கம் என்று எழுதுகிற பெரிய அலை கட்டடத்துக்குள்ளேயே எழுந்துகொண்டிருந்த நேரம்.

சூலூர்க்காரர் அந்த அலையில் ஏறவில்லை. அவருடைய மனம் பழைய பாடத்திலேயே நின்றது. எதிரே இருப்பதை அப்படியே, தப்பில்லாமல், அதன் வெளிச்சத்தோடு பிடிப்பது. விடுமுறை கிடைத்தால் ரயில் ஏறுவார். திருப்பதி, திருவண்ணாமலை, மாமல்லபுரம், தஞ்சாவூர், இராமேசுவரம், கன்னியாகுமரி என்று கோயிலும் கடலும் தேடிப்போய், அந்த இடத்திலேயே உட்கார்ந்து வரைந்தார். மதுரைக்கு வந்ததும் அந்தப் பயணங்களில்தான்.

மதுரைக் கோயிலை வரைவது என்றால் என்ன என்று இந்த இடத்தில் கொஞ்சம் நின்று யோசிக்கலாம்.

தஞ்சைப் பெரிய கோயில் வரைகிறவனுக்கு இடம் விடும். முன்னால் பரந்த வெளி, ஒரே விமானம், தள்ளி நின்றால் முழுசும் கண்ணுக்குள் அடங்கும். மதுரை அப்படியில்லை. ஆடி வீதி, சித்திரை வீதி, ஆவணி மூல வீதி, மாசி வீதி என்று வளையம் வளையமாக ஊர் கோயிலை நெருக்கிப் பிடித்திருக்கிறது. தெற்குக் கோபுரம் ஏறக்குறைய 160 அடி. அதை முழுசாகப் பார்க்க வேண்டுமானால் பின்வாங்க வேண்டும். பின்வாங்கினால் நடுவில் கட்டடம் மறைக்கும். கிட்டத்தில் உட்கார்ந்தால் கழுத்தை அண்ணாந்து பார்க்க வேண்டும், அப்போது கோபுரத்தின் இரண்டு பக்கக் கோடுகளும் மேலே போகப்போக ஒன்றையொன்று நோக்கிச் சாயும். கோபுரம் உண்மையாகவே மேலே குறுகிக்கொண்டு போவது ஒரு சாய்வு. அண்ணாந்து பார்ப்பதால் கண் உண்டாக்குவது இன்னொரு சாய்வு. இரண்டையும் கலக்காமல் தாளில் இறக்கத் தெரியாதவன் வரைந்தால் கோபுரம் கூம்பாகிவிடும். இது போதாதென்று, 16ஆம் நூற்றாண்டில் எழுந்த தெற்குக் கோபுரத்தின் விளிம்பு நேர்க்கோடே இல்லை. உள்வாங்கி மெல்ல வளைந்து ஏறுகிறது. அந்த வளைவுதான் அதன் அழகு. ஸ்கேலை வைத்து இழுக்கிறவனிடம் முதலில் தொலைவதும் அதுதான்.

அடுத்த சிக்கல் சுதை. ஒரே கோபுரத்தில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட உருவங்கள். சில்பி ஒரு சிலையின் முன் உட்கார்ந்தால் அதன் ஆரத்தில் எத்தனை மணி என்பதையும் எண்ணி எழுதிவிடுவார். பேனாவும் மையும் அதற்கு இடங்கொடுக்கும். நீர்வண்ணத்தில் அந்த வேலை நடக்காது. அங்கே ஓவியர் எதை வரைவது என்பதைவிட எதை விட்டுவிடுவது என்பதைத்தான் முதலில் முடிவுசெய்கிறார். வெயில் படும் இடம் தாளின் வெள்ளை. அதைத் தொடாமல் காப்பாற்ற வேண்டும். வெளிறிய வாஷ் முதலில், அது காய்ந்ததும் அடுத்தது, கடைசியாகத்தான் அடர்நிழல். கறுப்பாக்கியதைத் திரும்ப வெளுப்பாக்க முடியாது. எண்ணெய் வண்ணத்தில் தவறு செய்தால் சுரண்டிவிட்டு மேலே பூசலாம். நீர்வண்ணத்தில் தாளைக் கிழிக்க வேண்டும். மதுரை வெயிலோ தூரிகையில் எடுத்த நீரைத் தாளில் பரவுமுன்பே குடித்துவிடும். காலையில் கிழக்குக் கோபுரத்தில் விழுந்திருந்த நிழல், அரை மணி கழித்து அங்கே இருக்காது. ஆகவே வேகமும் வேண்டும், பிசகும் கூடாது.

அந்த ஆண்டுகளில் கோயிலே மாறிக்கொண்டிருந்தது என்பதையும் சேர்த்துக்கொள்ள வேண்டும். பி.டி. ராஜன் முன்னின்று நடத்திய பெருந்திருப்பணி முடிந்து 1963இல் குடமுழுக்கு நடந்தது. கோபுரங்கள் பல வண்ணம் பூசிக்கொண்டன. டேனியல்கள் வந்த காலத்தில் வடக்குக் கோபுரம் மேல்நிலைகள் முடியாத மொட்டைக் கோபுரம். 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் வயிநாகரம் நாகப்பச் செட்டியார் அதைக் கட்டி முடித்தும், ஊர் இன்றுவரை மொட்டைக் கோபுரம் என்றேதான் சொல்கிறது. ஆக, ஒரே கோயிலை ஒவ்வொரு ஓவியரும் வேறு வேறு கோயிலாகத்தான் பார்த்தார்கள். புதிதாகச் சாயம் பூசிய கோபுரம் ஓவியருக்குக் கஷ்டமான பொருள். நிழல் எது, நீலச் சாயம் எது என்று கண் தடுமாறும். மழையிலும் வெயிலிலும் மங்கிய கோபுரத்தில் ஒளியே வண்ணமாக இருக்கும். இந்த விஷயத்தில் பக்தர்களுக்கும் ஓவியர்களுக்கும் ஒத்துப்போகாது. நான் ஓவியர்கள் பக்கம்.

சிவகுமாரின் நீர்வண்ணப் படங்களில் என்னை நிறுத்துவது அந்த விட்டுவிடும் துணிச்சல்தான். பேனர்க் கட்டத்தில் பழகிய கை எல்லாவற்றையும் எழுதத் துடித்திருக்கும். ஆனால் கோபுரத்தின் தூரத்து அடுக்குகளை ஒரே ஈர வாஷில் கரைத்து, கிட்டத்தில் இருக்கும் தூணுக்கும் நிழலுக்கும் மட்டும் விளிம்பைக் கூராக்குகிற நுட்பம் இருபது வயதுக்காரரிடம் கைவந்திருந்தது. மனித முகங்களை வரையும்போது இந்தத் தாராளம் குறைகிறது. அங்கே அளவு ஆட்சி செய்கிறது. ஒரு மயிர்க்கால் தப்பாத உருவங்கள். ஆனால் சிலவற்றில் மூச்சு இறுகியிருக்கிறது. பிசகாமை அவருடைய பெரிய பலம், அதுவேதான் அவர் முட்டிக்கொண்ட சுவரும் என்று நினைக்கிறேன். ஓவியத்தில் தெரிவது பிறகு நடிப்பிலும் தெரியும்.

1965இல் படிப்பு முடிந்தது. அந்த வருடம் இப்படிப்பட்ட கைக்குச் சென்னையில் என்ன பிழைப்பு? பத்திரிகைகளில் கோபுலு, சில்பி, மணியம் பரம்பரை வேரூன்றி நின்றது. காலண்டருக்குக் கோவில்பட்டியில் கொண்டையராஜுவும் அவர் சீடர்களும் இருந்தார்கள். நவீன ஓவியத்துக்கு வாங்குவோர் குறைவு, ஆனால் பேசுவோர் இருந்தார்கள்; யதார்த்த நீர்வண்ணத்துக்கு அன்று இரண்டு பேரும் இல்லை. ஆதிமூலம் 1969இல் காந்தி நூற்றாண்டையொட்டிக் கோட்டிலேயே காந்தியை நூறு விதமாக வரைந்து ஒரு தலைமுறையைத் தன் பக்கம் திருப்பினார். அந்த வழி சிவகுமாருக்கு வேண்டியிருக்கவில்லை. மிச்சம் இருந்தது முகம். எடுப்பான முகம்.

அதே 1965இல் ஏ.சி. திருலோகசந்தர் இயக்கிய ஏவி.எம். படம் ‘காக்கும் கரங்கள்’ வெளியானது. பழனிச்சாமி சிவகுமார் ஆனார். அந்தப் படத்தின் நாயகர் எஸ்.எஸ். ராஜேந்திரன் நம் மதுரை மாவட்டத்துச் சேடபட்டிக்காரர், சிறுவயதிலேயே நாடகக் கம்பெனியில் சேர்ந்து வளர்ந்தவர். அவரையும் இவரையும் ஒரே சட்டகத்தில் பார்க்கும்போது எனக்கு ஒன்று தோன்றும். தமிழ் சினிமாவின் முதல் இரண்டு தலைமுறை நடிகர்கள் சங்கரதாஸ் சுவாமிகளின் வாரிசுகள். 1918இல் மதுரையில் சுவாமிகள் தொடங்கிய தத்துவ மீனலோசனி வித்துவ பால சபாவில் பயின்ற டி.கே.எஸ். சகோதரர்கள், அவர்கள் கம்பெனியில் பயின்ற இன்னொரு கூட்டம், குரல், பாட்டு, வசனம் இவற்றை அடியோடு கற்று மேடையிலிருந்து திரைக்கு வந்தவர்கள். சிவகுமார் அந்த வரிசையில் வராதவர். அவர் வந்த வழி பார்வையின் வழி. தான் சட்டகத்துக்குள் எப்படித் தெரிகிறோம் என்பதைக் கேமராவுக்குப் பின்னால் போய்ப் பார்க்காமலே அறிந்த நடிகர்.

இதை உடனே புரிந்துகொண்டவர் இயக்குநர் ஏ.பி. நாகராஜன். அவரும் பால நாடகக் கம்பெனியில் பெண்வேடம் போட்டு வளர்ந்தவர். 1966இல் ‘சரஸ்வதி சபதம்’, மறு ஆண்டு ‘கந்தன் கருணை’, 1968இல் ‘திருமால் பெருமை’. ‘கந்தன் கருணை’யில் சிவாஜி கணேசன் வீரபாகு, ஜெமினி கணேசன் சிவன், சாவித்திரி பார்வதி, கே.ஆர். விஜயா தெய்வானை, ஜெயலலிதா வள்ளி. இசையமைத்த கே.வி. மகாதேவனுக்குத் தேசிய விருது. இவ்வளவு பெரியவர்கள் நடுவில் நாயகனாக வேலைப் பிடித்துக்கொண்டு நிற்க வேண்டிய ஆள், திரைக்கு வந்து இரண்டே ஆண்டான இளைஞர். வீரபாகு நடந்தாலே திரை அதிரும். அவரோடு போட்டிபோட முருகன் முயலவில்லை. நின்றார்.

நிற்பது லேசில்லை. ஆறுபடை வீடுகளில் திருப்பரங்குன்றமும் பழமுதிர்சோலையும் மதுரையின் இரண்டு பக்கத்திலும் இருக்கின்றன. தெய்வானை கல்யாணம் நடந்த ஊர் பரங்குன்றம். இந்த வட்டாரத்துக்காரர்களுக்கு முருகன் எப்படி இருப்பார் என்பது குறித்து ஐயமே கிடையாது. வீட்டுச் சுவரில், பாத்திரக்கடையின் காலண்டரில், கோவில்பட்டிப் பாணியில் அவர் தினமும் தரிசனம் தருகிறார். உருண்ட முகம், பிள்ளைத்தனம் மாறாத கன்னம், ஒரு காலில் சாய்ந்த உடம்பு, நேரே நம்மைப் பார்க்கும் கண். திரையில் வருகிறவர் அந்தப் படத்துக்குப் பொருந்தவில்லையென்றால் கொட்டகையில் கற்பூரம் ஏற்றக் கை வராது. சிவகுமார் அந்தக் காலண்டரை உள்ளேயிருந்து அறிந்தவர். இடுப்பு எவ்வளவு சாய வேண்டும், வேல் எந்தக் கோணத்தில் போனால் முகத்துக்கு வழிவிடும், புன்னகையை எந்த அளவில் நிறுத்த வேண்டும் என்பது ஒரு நடிகரின் யோசனையாக மட்டும் இருக்க முடியாது. படம் போட்ட கையின் கணக்கு அது. 1976இல் கொண்டையராஜு மறையும்வரை கோவில்பட்டியிலிருந்து சுவருக்குச் சுவர் போய்ச் சேர்ந்த முருகனும், ஏ.பி. நாகராஜனின் திரையில் நின்ற முருகனும் ஒருவரை ஒருவர் பார்த்துப் பார்த்தே வளர்ந்திருப்பார்கள் என்று நான் நம்புகிறேன்.

அதற்குப் பிறகான பத்தாண்டைச் சுருக்கமாகக் கடந்துவிடலாம். எம்.ஜி.ஆருக்குத் தம்பி, சிவாஜிக்கு மகன், நல்ல கணவன், நல்ல அண்ணன். பிசகாத பிள்ளை வேடங்கள். பார்க்க நன்றாக இருக்கும், வெளியே வந்தால் மறந்துபோகும்.

1976இல் ‘அன்னக்கிளி’. தேவராஜ்–மோகன் இயக்கம், பஞ்சு அருணாசலம் தயாரிப்பு, சிவகுமார் கிராமத்துக்கு வரும் ஆசிரியர். அந்தப் படத்தை மதுரை தன் சொந்தப் படமாக எடுத்துக்கொண்டதற்குக் காரணம் நாயகரில்லை. அன்று மதுரை மாவட்டத்தைச் சேர்ந்த பண்ணைப்புரத்திலிருந்து போன இளையராஜாவுக்கு அதுதான் முதல் படம். ஒலிபெருக்கி கட்டிய கல்யாணவீடு, காதுகுத்து, கோயில்கொடை எதிலும் அந்தப் பாட்டுகள் இல்லாமல் அந்த வருடம் போகவில்லை. ஆனால் சிவகுமாருக்கும் அது ஒரு கதவு. கிரீடத்தையும் மடிப்புக் கலையாத சட்டையையும் கழற்றும் கதவு. 1979இல் அவருடைய நூறாவது படமான ‘ரோசாப்பூ ரவிக்கைக்காரி’யில் செம்பட்டையன் வந்தான். வெள்ளந்தி, அவலட்சணம், மனைவியின் மனம் எங்கே போகிறது என்பது புரியாமல் சிரிக்கிறவன். பதினாலு வருடமாகப் பொத்திப் பொத்தி வைத்த அந்த முகத்தை அவரே கலைத்தார். மறு ஆண்டு ‘வண்டிச்சக்கரம்’, அதில் ரவுடி. 1985இல் ‘சிந்து பைரவி’யின் ஜே.கே.பி., சுருதி சுத்தம் தவிர வேறெதையும் பொறுக்காத பாடகர் தெருவில் விழுகிற கதை. பிசகாமையே உயிராக வாழ்கிற ஒருவன் பிசகுவதை நடிக்க, இயக்குநர் பாலசந்தர் சரியான ஆளைத்தான் பிடித்தார். 1991இல் இந்திரா பார்த்தசாரதியின் ‘உச்சிவெயில்’ கதையை வைத்து கே.எஸ். சேதுமாதவன் எடுத்த ‘மறுபக்கம்’, சிறந்த படத்துக்கான தேசிய விருதை முதன்முதலில் தமிழுக்குக் கொண்டுவந்தது. அதில் வேம்பு ஐயராக அவர் முகத்தை அதிகம் அசைப்பதே இல்லை. முருகனாக நின்றவர் இங்கேயும் நிற்கிறார். இந்த முறை உள்ளே நெரிந்துகொண்டிருக்கும் ஒரு மனிதராக.

நடிகராகிவிட்ட ஓவியர்கள் உலகத்தில் குறைவில்லை. துருக்கியில் ஜெகி மூரன் இஸ்தான்புல் கவின்கலை அகாதமியில் அலங்காரக்கலை படித்தவர். 1953இல் திரைக்கு வந்து, பாடகராகவும் நடிகராகவும் நாடே கொண்டாடியபோதும் மேடை உடைகளைத் தானே வடிவமைத்தார், துணிகளுக்கு வடிவம் வரைந்தார். ஹாலிவுட்டின் அந்தோனி குவின் முதிய வயதில் ஓவியக் கண்காட்சிகள் நடத்தினார். நம் ஊரில் நகைச்சுவை நடிகர் பாண்டு வரைகலைக்காரர், பெயர்ப்பலகைத் தொழில் நடத்தியவர். ஓவியர் வீர சந்தானம் பாலு மகேந்திராவின் ‘சந்தியா ராக’த்தில் நடித்தார். இவர்கள் எல்லோரும் ஏதோ ஒரு விதத்தில் இரண்டு கையிலும் வேலையை வைத்திருந்தார்கள். சிவகுமார் அப்படிச் செய்யவில்லை. அவருடைய முக்கியமான ஓவியங்கள் ஏறக்குறைய எல்லாமே 1965க்கு முந்தியவை. இருபத்து நாலு வயதில் தூரிகையைக் கீழே வைத்தார். நேரமில்லை என்று சொல்வது எளிது. எனக்குத் தோன்றுவது, அரைகுறையாக ஒன்றைச் செய்ய அந்த மனிதரால் முடியாது என்பதுதான். ஞாயிற்றுக்கிழமை ஓவியராக இருப்பது அவருக்கு அவமானமாகப் பட்டிருக்கும்.

கண்ணில் பழகிய அந்த ஒழுங்கு வேறு இடத்தில் போய் வெளிப்பட்டது. ராதிகாவோடு நடித்த ‘சித்தி’ போன்ற தொடர்களுக்குப் பிறகு நடிப்பை மெல்லக் கைவிட்டு மேடைக்கு வந்தார். கம்பராமாயணத்திலிருந்து நூறு பாடல்களைத் தேர்ந்து, கையில் குறிப்பில்லாமல், இரண்டு மணி நேரத்துக்கும் மேலாக நின்றபடி கதையாகச் சொன்னார். அறுபத்தைந்தைத் தாண்டிய வயது. பிறகு மகாபாரதம், பிறகு குறள். புலவர்கள் சிலர் பொருள் நயத்தில் குறை சொல்லலாம். பாடம் ஒரு சொல் தப்பியது என்று யாரும் சொன்னதில்லை. கட்டம் கட்டமாக மனத்தில் இழுத்து நிரப்பியிருப்பாரோ என்று நான் வேடிக்கையாக நினைத்ததுண்டு.

மதுரை அவரைக் கடைசியாகப் பெரிதாகப் பேசியது இதற்கெல்லாம் சம்பந்தமில்லாத காரணத்துக்காக. 2018 அக்டோபரில் ஒரு தனியார் மருத்துவ நிலையத் திறப்பு விழாவுக்கு வந்தார். அவரோடு தன்னையும் சேர்த்துக் கைபேசியில் படமெடுக்க ஓர் இளைஞர் முன்னால் வர, சிவகுமார் கைபேசியைத் தட்டிவிட்டார். அந்தச் சில நொடிகளை வேறொருவர் படமெடுத்திருந்தார். மாலைக்குள் தமிழ்நாடு முழுதும் அது ஓடியது. கண்டனம், கேலி, மீம். பிறகு அவர் வருத்தம் தெரிவித்தார், அந்த இளைஞருக்குப் புதுக் கைபேசியும் வாங்கித் தந்தார்.

செய்தது தவறு, அதில் வாதமில்லை. ரசிகர் வாங்கிய டிக்கெட்டில் வளர்ந்தவர் ரசிகரின் கையைத் தட்டக் கூடாது. ஆனால் கோபம் எங்கிருந்து வந்தது என்று எண்ணிப் பார்க்காமல் இருக்கவும் முடியவில்லை. ஒரு கோபுரத்தைத் தாளில் ஏற்ற அதன் எதிரே மணிக்கணக்கில் உட்கார வேண்டும் என்று கற்றவர் அவர். எதிரே இருப்பதைப் பார்க்காமலே, அதற்கு முதுகைக் காட்டிக்கொண்டு, கையை நீட்டி எடுக்கிற படம் அவருக்கு எப்படித் தெரிந்திருக்கும்? இன்று சித்திரை வீதியில் கோபுரத்தை நிமிர்ந்து பார்க்கிறவர்களைவிட, அதற்கு முதுகு காட்டி நிற்கிறவர்கள் அதிகம். அவர்களைக் குறை சொல்லிப் பயனில்லை. காலத்தின் பழக்கம் அது.

அந்தச் சம்பவத்துக்கு இரண்டு ஆண்டு முன்பு, 2016 அக்டோபரில், அவருடைய எழுபத்தைந்தாவது பிறந்தநாளையொட்டி, சென்னை லலித் கலா அகாடமியில் அந்தப் பழைய ஓவியங்கள் காட்சிக்கு வைக்கப்பட்டன. அரை நூற்றாண்டுக்கு மேல் சுருட்டியும் அடுக்கியும் காப்பாற்றிய தாள்கள். வந்தவர்களில் பாதிப்பேர் அவருடைய நடிக மகன்கள் சூர்யாவும் கார்த்தியும் வருவார்களா என்று பார்க்க வந்திருப்பார்கள். பத்திரிகைகளும் நடிகரின் இன்னொரு திறமை என்றே எழுதின. மெட்ராஸ் இயக்கத்தின் வரலாற்றை எழுதுகிறவர்கள் அவர் பெயரைச் சொல்வதில்லை. அவர்கள் தரப்பில் நியாயம் இருக்கிறது: அந்த இயக்கம் கேட்ட கேள்விகளில் ஒன்றைக்கூட இந்தப் படங்கள் கேட்கவில்லை. ஆனால் வரலாறு இயக்கங்களால் மட்டும் ஆனதில்லை. 1960களின் தொடக்கத்தில் தென்னாட்டுக் கோயில்களும் வீதிகளும் எந்த வெளிச்சத்தில் நின்றன என்பதை, விற்கும் நோக்கமில்லாமல், அந்தந்த இடத்தில் உட்கார்ந்து வண்ணத்தில் பதிந்த ஒரு மாணவரின் தொகுப்பு எத்தனை இருக்கிறது நம்மிடம்? புகைப்படங்கள் அன்று பெரும்பாலும் கறுப்பு வெள்ளை. மதுரைக்கென்று ஒரு படக்கூடம் என்றாவது அமைந்தால், டேனியலின் அச்சுப்படத்துக்கும் டிரைப்பின் புகைப்படத்துக்கும் அடுத்த சுவரில் அந்த நீர்வண்ணக் கோயிலுக்கு நான் இடம் கேட்பேன். நடிகர் சிவகுமார் வரைந்தது என்று கீழே எழுத வேண்டாம். பழனிச்சாமி, ஓவியக் கல்லூரி மாணவர் என்று எழுதினால் போதும்.

அடுத்த இதழில், மதுரையிலேயே பிறந்து, சேதுபதி பள்ளியிலும் அமெரிக்கன் கல்லூரியிலும் படித்து, கண்பார்வை சுருங்கிக்கொண்டே வந்த ஆண்டுகளில் இந்த ஊரை மைக்கோடுகளாக வரைந்து தீர்த்த மனோகர் தேவதாஸ்.

(தொடரும்)